எந்தப் பிரதியைப் பார்த்தீர்கள்?

சேலத்தில் எடுத்த ஒரு பழைய படத்தைப் பற்றி எழுத உட்காருங்கள். உங்கள் முன்னால் வந்து நிற்பது ஒரே படமாக இருக்காது. யூடியூப்பில் தலையும் காலும் வெட்டுப்பட்டு, அகலத் திரைக்கு இழுத்துப் போட்ட ஒரு படம் இருக்கும். பாட்டுகள் குறைந்த விசிடி ஒன்று இருக்கும். மத்தியானம் டிவியில் ஓடும் பிரதி, 78 சுற்று இசைத்தட்டில் மூன்று நிமிடத்துக்குச் சுருக்கிய பாட்டு, படம் வெளிவரும் முன்பே அச்சான பாட்டுப் புத்தகம் என்று வரிசை நீளும். இதில் எதைப் பார்த்து எழுதினார் என்று சொல்லாத கட்டுரையை நம்பி ஒரு வரிகூட மேற்கோள் காட்டக்கூடாது என்பது என் கட்சி. வெகுசன கலாச்சார விமர்சகருக்கு ரசனை வேண்டும், மொழி வேண்டும், சரிதான். ஆனால் பிரதி எது என்று நிலைநிறுத்தும் கணக்குப்பிள்ளை வேலையைச் செய்யாமல் ரசனையை மட்டும் வைத்துக்கொண்டு அதிக தூரம் போக முடியாது.

இந்த வேலைக்குச் சென்னையில்தான் இருக்க வேண்டும் என்றில்லை. சேலம் அதற்கு நல்ல ஊர். ஏற்காடு போகிற ரோட்டில் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவு வளைவு இன்னும் நிற்கிறது. திருச்செங்கோட்டு ஜவுளிக் குடும்பத்திலிருந்து வந்து, இங்கிலாந்தில் லீட்ஸ் நகரில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்த டி.ஆர். சுந்தரம் 1930களின் நடுவில் தொடங்கிய ஸ்டூடியோ அது. முதல் படம் ‘சதி அகல்யா’ 1937ல் வந்தது. மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ (1938), தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ (1956), மலையாளத்தின் முதல் வண்ணப்படமான ‘கண்டம் பெச்ச கோட்டு’ (1961) எல்லாம் இந்தக் கம்பெனியின் தயாரிப்புகள். சுந்தரம் 1963ல் காலமானார். அதன் பிறகும் அவர் மகன் ராமசுந்தரம் காலத்தில் ஜெய்சங்கரை வைத்து துப்பறியும் படங்கள் வரிசையாக வந்தன.

பெருமை பேச இவ்வளவு போதும். விமர்சகருக்கு வேண்டியது இதற்கு அடுத்த அடுக்கு. ‘மந்திரி குமாரி’ (1950) படத்துக்கு இயக்குநராக எல்லிஸ் ஆர். டங்கன், டி.ஆர். சுந்தரம் என்று இரண்டு பெயர்கள் வரும். படம் முடிவதற்குள் டங்கன் அமெரிக்கா திரும்பிவிட்டார், மீதியை முடித்தவர் சுந்தரம். ஆகவே ‘இந்தக் காட்சியில் டங்கனின் கேமரா நகர்வு’ என்று ஒருவர் எழுதினால், அந்தக் காட்சி யார் பங்கு என்று கேட்க வேண்டியிருக்கிறது. பதில் இல்லாவிட்டால் ‘படத்தின் கேமரா நகர்வு’ என்று எழுதுவதே யோக்கியம். 1952ல் மாடர்ன் தியேட்டர்ஸ் அமெரிக்காவின் லிப்பர்ட் கம்பெனியோடு சேர்ந்து எடுத்த காட்டுப் படம் ஆங்கிலத்தில் ‘தி ஜங்கிள்’, தமிழில் ‘காடு’. ரெண்டையும் ஒரே படம் என்று நினைத்து ஒன்றைப் பார்த்துவிட்டு இன்னொன்றைப் பற்றித் தீர்ப்பு சொன்னால் ஆட்டம் அங்கேயே முடிந்தது. ‘உத்தம புத்திரன்’ என்று மட்டும் எழுதுவதும் இதே வகைத் தப்பு. சின்னப்பா இரட்டை வேடம் போட்ட 1940 படம் சேலத்துப் படம். சிவாஜி நடித்த 1958 படம் வேறு கம்பெனி, வேறு இயக்குநர். பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறியில் வருடம் போடும் பழக்கம் அலங்காரத்துக்காக வந்ததில்லை.

பிரதியைச் சோதிக்க முதலில் சட்டத்தைப் பாருங்கள், அதாவது படத்தின் அகல உயர விகிதத்தை. 1950களின் நடுவரை வந்த படங்கள் 1.37க்கு 1 என்ற கிட்டத்தட்டச் சதுரமான சட்டத்தில் எடுக்கப்பட்டவை. இன்றைய டிவி 1.78க்கு 1. பழைய படத்தை அப்படியே போட்டால் இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை விழும். அந்தப் பட்டையைப் பார்த்தால் ஏதோ குறை என்று நினைக்கிறவர்கள், படத்தைப் பெரிதாக்கி மேலும் கீழும் வெட்டிவிடுகிறார்கள். உயரத்தில் சுமார் 23 விழுக்காடு போய்விடும். நெற்றி வெட்டுப்பட்ட முகங்கள், பாதம் தெரியாத நடனம், கிரீடத்தின் பாதி ஆகியவை தென்பட்டால் அது வெட்டிய பிரதி. அதை வைத்துக்கொண்டு ‘ஒளிப்பதிவாளருக்குச் சட்டகம் தெரியவில்லை’ என்று எழுதுவது அநியாயம். இன்னொரு வகை, வெட்டாமல் பக்கவாட்டில் இழுத்துவிடுவது. வண்டிச் சக்கரமோ முழு நிலவோ வரும் காட்சியில் நிறுத்திப் பாருங்கள். வட்டம் முட்டை வடிவில் இருந்தால் இழுத்திருக்கிறார்கள். தமிழின் முதல் சினிமாஸ்கோப் (அகலத்திரை) படம் ‘ராஜராஜ சோழன்’ 1973ல்தான் வந்தது. அதற்கு முந்தைய தமிழ்ப் படம் ஸ்கோப் அகலத்தில் கிடைத்தால் உடனே சந்தேகப்படலாம்.

அடுத்தது நீளம். ஃபிலிம் காலத்தில் படத்தின் நீளத்தைப் பெரும்பாலும் அடிக் கணக்கில் சொல்வார்கள். 35 எம்.எம். சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள், அதாவது தனித்தனி ஃப்ரேம்கள்; ஒரு விநாடிக்கு 24 சட்டங்கள் ஓடும். கணக்குப் போட்டால் ஒரு நிமிடத்துக்கு 90 அடி. 1,000 அடி ரீல் பதினோரு நிமிடம் ஓடும். சென்சார் சான்றிதழில் 16,000 அடி என்று இருந்தால் படம் சுமார் 178 நிமிடம். கையில் இருக்கும் பிரதி 150 நிமிடம் ஓடினால் கிட்டத்தட்ட அரை மணி நேரம் எங்கோ போய்விட்டது. கதை தாவுகிறது, நகைச்சுவைப் பகுதி ஒட்டவில்லை என்று குறை சொல்வதற்கு முன்னால் இந்த வகுத்தலைச் செய்துவிட வேண்டும்.

ஆனால் எல்லாக் குறைவும் வெட்டல்ல. விநாடிக்கு 24 சட்டமாக எடுத்த படத்தை பால் (PAL) என்ற டிவி, விசிடி முறைக்கு மாற்றும்போது 25 ஆக ஓட்டுவார்கள். 180 நிமிடப் படம் 172 நிமிடம் 48 விநாடியில் முடிந்துவிடும், ஒரு சட்டம்கூடக் குறையாமல். கூடவே சுருதியும் ஏறும், கிட்டத்தட்ட அரைக்கட்டை. பாட்டைப் பற்றி எழுதுகிறவர்கள் இதில் அடிக்கடி வழுக்குகிறார்கள். விசிடியைக் கேட்டுவிட்டு ‘இந்தப் பாடகர் எவ்வளவு உச்சத்தில் நின்று பாடுகிறார்’ என்று வியப்பார்கள். அதே பாட்டை ஒழுங்கான இசைத்தட்டுப் பதிவில் கேட்டால் உச்சம் கொஞ்சம் இறங்கிவிடும். விசிடிக்கு இன்னொரு வம்பும் உண்டு. ஒரு தட்டில் 74லிருந்து 80 நிமிடம்தான் பிடிக்கும். மூன்று மணி நேரப் படத்துக்கு மூன்று தட்டு போட்டால் விலை கூடும் என்று, இரண்டே தட்டில் அடக்க எதையாவது எடுத்துவிடுவார்கள். முதலில் பலியாவது பாட்டும் நகைச்சுவையும்.

படம் தொடங்கும்போது வரும் சென்சார் சான்றிதழை யாரும் படிப்பதில்லை. விமர்சகர் படிக்க வேண்டும். சான்றிதழ் எண், தேதி, மொழி, நீளம், தகுதி எல்லாம் அதில் இருக்கும். ‘யு/ஏ’ என்ற வகை 1983ல் வந்தது. 2024ல் அதை 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரித்தார்கள். ஆகவே 1960களின் படத்துக்கு முன்னால் ‘யு/ஏ’ சான்றிதழ் ஓடினால், அது முதல் வெளியீட்டுப் பிரதி அல்ல, பிற்பாடு மறுபடி தணிக்கைக்குப் போய் வந்தது என்று அர்த்தம். ‘ஏ’ சான்றிதழ்ப் படங்கள் டிவியில் வர வேண்டுமானால் வெட்டிக் குறைத்து ‘யு’ அல்லது ‘யு/ஏ’ வாங்கியாக வேண்டும். டிவியில் பார்த்துவிட்டு ‘வன்முறை அவ்வளவு ஒன்றுமில்லை’ என்று எழுதுகிறவர்கள் இந்த வாசல் வழியாகத்தான் உள்ளே வருகிறார்கள். ஓடிடியில் வேறு சிக்கல். உரிமைத் தகராறால் பின்னணியில் ஓடிய பழைய பாட்டு மாறியிருக்கலாம். தியேட்டரில் ஒலியடக்கிய சொல் இங்கே கேட்கலாம். புதுப்படத்தை தியேட்டரிலும் நான்கு வாரம் கழித்து ஓடிடியிலும் பார்க்கிறவர், இரண்டின் ஓட்ட நேரத்தையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்தால் போதும். வித்தியாசம் தானே கண்ணில் படும்.

பாட்டுக்கு வருவோம், இதுதான் சுவையான பகுதி. பத்து அங்குல 78 சுற்று இசைத்தட்டின் ஒரு பக்கம் மூன்று, மூன்றரை நிமிடம்தான் தாங்கும். படத்தில் ஐந்து நிமிடம் ஓடும் பாட்டை ஒரு பக்கத்துக்குச் சுருக்க ஒரு சரணத்தை விடுவார்கள், அல்லது இடையிசையை நறுக்குவார்கள், அல்லது முதல் பாகம், இரண்டாம் பாகம் என்று தட்டின் இரு பக்கத்துக்கும் பிரிப்பார்கள். வானொலி ஒலிபரப்பியது தட்டில் இருந்த வடிவத்தை. ஊர் முழுக்க மனப்பாடம் ஆனதும் அதுதான். படத்தில் இருக்கும் சரணம் பலருக்கு இன்றும் தெரியாது. எனவே ஒரு பாட்டைப் பற்றி எழுதும்போது தட்டின் வடிவம், படத்தின் வடிவம், பாட்டுப் புத்தகத்தின் வடிவம் என்று மூன்றையும் வரிக்கு வரி வைத்துப் பார்க்க வேண்டும். வெள்ளைத்தாளில் மூன்று பத்தி கோடு போட்டு எழுதினால் அரை மணி நேர வேலை.

பாட்டுப் புத்தகத்தை அப்படியே வேதவாக்காகவும் எடுத்துக்கொள்ளக் கூடாது. தியேட்டர் வாசலில் அணாக் கணக்கில் விற்ற அந்த மெல்லிய புத்தகங்களில் நடிகர் பட்டியல், முடிவைச் சொல்லாத கதைச் சுருக்கம், பாட்டு வரிகள் இருக்கும். அவை வெளியீட்டுக்கு முன்பே அச்சுக்குப் போனவை. கடைசி நேரத்தில் படத்திலிருந்து தூக்கிய பாட்டு அதில் இருக்கும், கடைசி நேரத்தில் சேர்த்த பாட்டு இருக்காது. பழைய புத்தகங்களில் பின்னணி பாடியவர் பெயர் இல்லாமலே போவதுண்டு. ஆனால் ‘பாலன்’ மாதிரி பிரதியே தொலைந்துபோன படங்களுக்கு, பாட்டுப் புத்தகமும் நிழற்படங்களும் பத்திரிகைக் குறிப்புகளும் மட்டுமே சாட்சி. அப்படிப்பட்ட படத்தின் நடிப்பைப் பற்றியோ எடிட்டிங்கைப் பற்றியோ யாராவது விரிவாக எழுதினால் சிரித்துவிட்டுப் போகலாம். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இவற்றை நிறையச் சேர்த்து வைத்திருக்கிறது. சேலத்திலிருந்து காலை ரயில் பிடித்தால் மதியத்துக்குள் போய்விடலாம். போகும் முன் வேண்டிய படங்களின் பெயர், வருடம், கம்பெனி மூன்றையும் பட்டியலாக எழுதிக்கொண்டு போனால் அரை நாள் மிச்சம்.

புதுப்படத்துக்குத் தியேட்டரில் உட்காரும் விதம் பற்றிக் கொஞ்சம். திரையிலிருந்து பின்னால் மூன்றில் இரண்டு பங்கு தூரம், நடு வரிசை. ஒலியமைப்பை அங்கே உட்கார்ந்துதான் சரி பார்த்திருப்பார்கள். ஓரத்தில் உட்கார்ந்தால் பக்கத்து ஸ்பீக்கர் மட்டும் காதைப் பிளக்கும், வசனம் நடு ஸ்பீக்கரிலிருந்து வருவதால் மங்கும். பிறகு ‘வசனம் புரியவில்லை’ என்று இயக்குநரைத் திட்டுவோம். ப்ரொஜெக்டர் விளக்கு பழசானால் படமே மங்கலாகத் தெரியும். திரை வெளிச்சத்துக்குத் தரநிலை சதுர மீட்டருக்கு 48 கேண்டெலா. மங்கலா இல்லையா என்று பார்க்கக் கருவி தேவையில்லை. சென்சார் சான்றிதழின் வெள்ளைப் பின்னணியைப் பாருங்கள். பளிச்சென்று இல்லாமல் சாம்பல், மஞ்சள் கலந்து தெரிந்தால் விளக்குதான் குற்றவாளி. அந்தக் காட்சியை வைத்து ஒளிப்பதிவைப் பற்றி எழுதக்கூடாது. வேறு தியேட்டரில் இன்னொரு தரம் பார்க்க வேண்டும்.

குறிப்பெடுக்க போனை எடுக்காதீர்கள். பக்கத்து சீட்காரருக்குத் தொல்லை, உங்கள் கண்ணும் இருட்டுக்கு மறுபடி பழகச் சில நிமிடம் ஆகும். சின்ன நோட்டு, பென்சில். இருட்டில் வரி மேல் வரி விழுந்து படிக்க முடியாமல் போவதுதான் வழக்கமான தொல்லை. அதற்கு ஒரு பக்கத்துக்கு மூன்று குறிப்புக்கு மேல் எழுதாமல் தாளைத் திருப்பிவிடலாம், இடது கைக் கட்டைவிரலை வரி தொடங்கும் இடத்தில் வைத்துக்கொள்ளலாம். முதல் பார்வையில் கதையை எழுத வேண்டியதில்லை, அது நினைவில் நிற்கும். நினைவில் நிற்காதவற்றை எழுதுங்கள். நாயகன் அறிமுகத்துக்கு முன் எத்தனை நிமிடம் போனது, முதல் பாட்டு எப்போது, இடைவேளை எந்த வசனத்தில் விழுந்தது, பெண் பாத்திரம் தனியாகப் பேசும் காட்சி எத்தனை, ஊர் எது என்று சொன்னார்களா. சேலம், ஈரோடு, கோவை மூன்றுக்கும் ஒரே ‘ஏனுங்க’வைப் போட்டுச் சமாளிக்கும் படங்கள் நிறைய. இந்தப் பக்கத்துக் காதுக்கு அது உடனே உறைக்கும், எந்த வசனம் என்று குறித்துவிடுங்கள்.

பார்வையாளர்களைக் கவனிப்பதும் இந்த வேலையில் சரிபாதி. முதல் நாள் காலைக் காட்சி ரசிகர்களுடையது, அதில் படத்தைப் பற்றி ஒன்றும் தெரியாது, ரசிகர்களைப் பற்றி எல்லாம் தெரியும். செவ்வாய், புதன் இரண்டாவது ஆட்டத்துக்கு வருகிறவர்கள்தான் படத்தைப் பார்க்க வருகிறவர்கள். வெளியே வரும்போது ‘படம் எப்படி?’ என்று கேட்டால் ‘சூப்பர்ங்க’ அல்லது ‘சுமார்ங்க’ வரும், அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. ‘எந்த இடத்துல போனை எடுத்தீங்க?’ என்று கேளுங்கள். ‘வெளிய போனீங்களே, எந்தப் பாட்டுக்கு?’ என்று கேளுங்கள். ‘வீட்ல போய் எந்த சீனைச் சொல்லுவீங்க?’ என்று கேளுங்கள். பதில்கள் குறிப்பாக வரும், ஒன்றோடொன்று ஒத்தும் போகும்.

வெற்றி தோல்வி பேசுவதானால் வியாபாரக் கணக்கு தெரிய வேண்டும். தமிழ்நாட்டு விநியோகத்தில் ‘சேலம் ஏரியா’ தனி ஏரியா. சேலம், நாமக்கல், தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்கள் அதில் அடங்கும். படத்தை ஏரியாவுக்கு விற்பதில் பல முறைகள் உண்டு. அவுட்ரைட் என்றால் மொத்தப் பணமும் கொடுத்து வாங்கிவிடுவது. லாப நட்டம் முழுக்க விநியோகஸ்தருக்கு. எம்.ஜி. என்றால் குறைந்தபட்ச உத்தரவாதத் தொகை கொடுத்து, அதற்கு மேல் வந்தால் தயாரிப்பாளரோடு பங்கு. அட்வான்ஸ் முறையில், வசூல் குறைந்தால் மீதியைத் திருப்பிக் கேட்கலாம். பேச்சுக்கு ஒரு படத்துக்குச் சேலம் ஏரியா எம்.ஜி. ஒரு கோடி என்று வையுங்கள். வரி, தியேட்டர் பங்கு போக விநியோகஸ்தர் கைக்கு 80 லட்சம் வந்தால் அவருக்கு 20 லட்சம் நட்டம். அதே படம் தயாரிப்பாளருக்கு லாபமாகவும், கேன்டீன் வருமானத்தால் தியேட்டர்காரருக்கு நல்ல படமாகவும் இருக்கலாம். ‘ஹிட்’ என்று எழுதுகிறவர் யாருக்கு ஹிட் என்று சேர்த்து எழுத வேண்டும். போஸ்டரில் போடும் கோடிகள் டிக்கெட் விற்ற மொத்தத் தொகை. அதை லாபம் என்று எடுத்துக்கொண்டு எழுதும் கட்டுரைகளுக்குக் குறைவே இல்லை.

போஸ்டர்களை ஆவணமாகப் படிக்கலாம், கொஞ்சம் சந்தேகத்தோடு. நாலு ரோடு, ஐந்து ரோடு பக்கத்துச் சுவர்களில் ஒட்டும் போஸ்டரின் அடியில் ஊர்வாரியாகத் தியேட்டர் பெயர்கள் இருக்கும். சேலம், ஆத்தூர், எடப்பாடி, மேட்டூர் என்று போகும் அந்தப் பட்டியல்தான் விலைமதிப்புள்ளது. முதல் வாரப் போஸ்டரையும் மூன்றாம் வாரப் போஸ்டரையும் படம் எடுத்து வைத்து ஒப்பிட்டால், எந்த ஊரில் படம் படுத்தது என்று தெரிந்துவிடும். ‘100வது நாள்’ என்று போட்டிருந்தால் எத்தனை காட்சி என்று தேடுங்கள். தினம் நான்கு காட்சியாக நூறு நாள் ஓடுவதும், ஒரே காலைக் காட்சியாக நூறு நாள் ஓட்டுவதும் ஒரே எண்ணில் ஒளிந்துகொள்ளும். ஒரு தியேட்டரில் ஐம்பது நாள், அடுத்ததற்கு ஷிஃப்ட் செய்து ஐம்பது நாள் என்று கூட்டிச் சொல்வதும் உண்டு. பழைய செய்தித்தாளின் சினிமா விளம்பரப் பக்கத்தில் காட்சி நேரங்கள் இருக்கும், அங்கே போய்ச் சரிபார்க்கலாம்.

நம்மூர்ப் பெருமைகளையும் இதே சல்லடையில் போட வேண்டும். மாடர்ன் தியேட்டர்ஸில் இத்தனை முதலமைச்சர்கள் வேலை பார்த்தார்கள் என்று மேடையில் சொல்வார்கள். ஒவ்வொரு பெயருக்கும் எந்தப் படம், எந்த வருடம், டைட்டிலில் என்ன பொறுப்பு என்று மூன்று கேள்வி போடுங்கள். எம்.ஜி.ஆருக்கும் கருணாநிதிக்கும் ‘மந்திரி குமாரி’ ஒன்றே போதும், நாயகன், வசனகர்த்தா என்று பதில் வந்துவிடும். பதில் வராத பெயரை எழுதாமல் விடுவதால் சேலத்துக்கு ஒரு குறையும் வராது. ‘அலிபாபா’வை ‘முதல் வண்ணப்படம்’ என்று சுருக்கினால், அதற்கு முன்பே சில பகுதிகள் மட்டும் வண்ணத்தில் வந்த படங்களைக் காட்டி மடக்குவார்கள். ‘முழுநீள’ என்பதை விடக்கூடாது. ‘திகம்பர சாமியார்’ (1950) படத்தில் நம்பியாருக்கு எத்தனை வேடம் என்பதிலும் ஆளுக்கொரு எண். இயல்பான தோற்றத்தைக் கணக்கில் சேர்த்தீர்களா என்பதைச் சொல்லிவிட்டு எண்ணினால் சண்டை முடியும்.

இனி பிழைப்பு. தமிழில் வெகுசனக் கலைகளைப் பற்றி உருப்படியாக எழுதியவர்களில் பலர் வேறு தொழிலில் சம்பாதித்துக்கொண்டே எழுதினார்கள். தியடோர் பாஸ்கரன் அஞ்சல் துறை அதிகாரி. 1981ல் வந்த அவருடைய முதல் நூல் ஆவணக் காப்பகங்களில் காகிதம் புரட்டி எழுதியது. ராண்டார் கை வழக்கறிஞர். ஃபிலிம் நியூஸ் ஆனந்தன் புகைப்படம் எடுக்கப் போய், மக்கள் தொடர்பாளராகி, வந்த படங்களின் விவரங்களை வருடவாரியாகச் சேர்த்துக்கொண்டே இருந்தார். ஆய்வாளர்களும் பத்திரிகைக்காரர்களும் இன்றும் அந்தப் பட்டியல் மேல்தான் ஏறி நிற்கிறார்கள். எம்.ஜி.ஆர். பிம்பத்தைப் பற்றி 1992ல் எழுதிய எம்.எஸ்.எஸ். பாண்டியன் ஆய்வு நிறுவனத்துப் பொருளியல்காரர். எழுத்தாளர் கல்கி, பத்திரிகை ஆசிரியராக இருந்துகொண்டே ‘கர்நாடகம்’ என்ற பெயரில் ஆனந்த விகடனில் கச்சேரிகளை ஒரு கை பார்த்தார். புனைபெயருக்கு அன்று தேவை இருந்தது. இன்றும் அரசு வேலையிலோ விளம்பரம் வாங்கும் பத்திரிகையிலோ இருப்பவருக்குத் தேவைப்படலாம். சேலத்தில் பள்ளி ஆசிரியராகவோ வங்கி ஊழியராகவோ இருந்துகொண்டு இதைச் செய்ய முடியும். மாதம் ஒரு நல்ல கட்டுரை என்று வைத்துக்கொண்டால், பார்த்தல் இரண்டு முறை, சரிபார்ப்பு, எழுத்து, திருத்தம் என்று நான்கு வார இறுதிகள் போகும். வெள்ளிக்கிழமை மதியமே விமர்சனம் போட வேண்டும் என்ற ஓட்டத்தில் இறங்கினால் இதில் எதுவும் நடக்காது, அது வேறு தொழில்.

கிசுகிசுவும் வேறு தொழில். அதன் எல்லையை கிசுகிசுப் பத்திரிகை நடத்தி 1944 நவம்பரில் கொலையான லட்சுமிகாந்தன் வழக்கு காட்டிவிட்டது. பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் அந்த வழக்கில் சிறைக்குப் போய் 1947ல்தான் விடுதலையானார்கள். படைப்பைப் பற்றி எவ்வளவு கடுமையாக வேண்டுமானாலும் எழுதலாம். பொதுமக்கள் முன் வைத்த கலையின் தரத்தை நல்லெண்ணத்தோடு விமர்சிப்பதற்கு அவதூறுச் சட்டத்திலேயே விலக்கு இருக்கிறது. முன்பு இந்தியத் தண்டனைச் சட்டம் 499, இப்போது பாரதிய நியாய சன்ஹிதா 356. அந்த விலக்கு நடிகரின் குடும்பத்தைப் பற்றி எழுத உதவாது. காப்புரிமைச் சட்டம் 1957ன் 52வது பிரிவு விமர்சனத்துக்காக நியாயமான அளவு மேற்கோள் காட்ட அனுமதிக்கிறது. ஒரு காட்சியின் நிழற்படம், பாட்டின் இரண்டு வரி சரி. முழுப்பாட்டையும் பதிந்துவிட்டு ‘ஆகா’ என்று எழுதினால் அது விமர்சனத்தில் சேராது. திரைப்படத்தின் காப்புரிமை வெளியான வருடத்துக்கு அடுத்த வருடத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டு. பாட்டு வரிக்கு எழுதியவர் காலமானதற்கு அடுத்த வருடத்திலிருந்து 60 ஆண்டு. பழைய படம் பொதுச் சொத்தாகிவிட்டது என்பதால் அதன் பாட்டும் ஆகிவிட்டது என்று முடிவு செய்யக்கூடாது.

பழைய காகிதம் சேர்ப்பவர்களுக்கு: பத்திரிகைக் காகிதத்தில் அமிலம் இருக்கிறது, வெயிலில் பட்டால் மஞ்சளாகி நொறுங்கும். லேமினேஷன் செய்தால் திரும்ப எடுக்க முடியாது, செய்யவே கூடாது. கிழிசலுக்கு செல்லோடேப் ஒட்டினால் சில வருடத்தில் பசை பழுப்பாகி எழுத்தை விழுங்கும். மடித்து வைத்தால் மடிப்பில்தான் முதலில் உடையும். தட்டையாக, இடையில் அமிலமற்ற தாள் வைத்து அடுக்குங்கள். போஸ்டர் தாள் வழக்கமாக 30க்கு 40 அங்குலம், அதற்குக் கட்டிலடிப் பலகைதான் வசதி. படமெடுக்கும்போது ஃபிளாஷ் வேண்டாம், ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழட்டும், போன் தாளுக்கு இணையாக இருக்கட்டும், ஓரத்தில் ஒரு ஸ்கேல் வையுங்கள். ஏற்காட்டில் வீடு இருக்கிறவர்கள் மலையில் வைத்துப் பாதுகாக்கலாம் என்று நினைக்க வேண்டாம். குளிர் நல்லதுதான், மழைக்கால ஈரம் பூஞ்சை பிடிக்க வைக்கும். கீழே சேலத்து உலர்ந்த அறையே காகிதத்துக்கு மேல்.

வெகுசன கலாச்சாரம் என்றால் சினிமா மட்டும்தானா என்று கேட்பவர்கள் ஆடி மாதம் சேலத்தின் குகை என்ற பகுதிக்கு வரலாம். மாரியம்மன், காளியம்மன் திருவிழாவில் வண்டி வேடிக்கை நடக்கும். அலங்கரித்த வண்டிகளில் சாமி வேடம் போட்டவர்கள் அசையாமல் நின்று, உட்கார்ந்து, ஊர்வலமாக வருவார்கள். சாமியின் முகம் எங்கிருந்து வந்தது என்பதே விமர்சகருக்கான கேள்வி. கிரீடத்தின் வடிவம், கண்மை, நகையின் அடுக்கு ஆகியவற்றைக் காலண்டர் படத்தோடும், புராணப் படங்களோடும், டிவி தொடர்களோடும் வைத்துப் பார்த்தால் பல வேடங்களுக்கு மூலம் அகப்படும். ஒப்பனை போட்டவரிடமே கேட்கலாம், பெரும்பாலும் போனில் வைத்திருக்கும் மாதிரிப் படத்தைக் காட்டிவிடுவார்கள். வண்டிகளை வரும் வரிசையில் எண் போட்டு, முன்பக்கம், இரண்டு பக்கவாட்டு, முகம் நெருக்கமாக என்று நாலு படம் எடுங்கள். வண்டியின் பதாகையில் உள்ள குழுப் பெயரை எழுதிக்கொள்ளுங்கள். ஜெனரேட்டர் சத்தம் எல்லாவற்றையும் மூடிவிடும், அதனால் ஒலிபெருக்கியில் ஓடும் பாட்டை முன்னால் போய்த் தனியாகப் பதிவு செய்ய வேண்டும். அந்த வீடியோவை யூடியூப்பில் ஏற்றினால் காப்புரிமைக் காரணம் காட்டி ஒலியை நிறுத்திவிடலாம். மூலக் கோப்பை இரண்டு இடத்தில் வைத்துக்கொண்டு, கோப்பின் பெயரிலேயே தேதி, வண்டி எண், பாட்டின் முதல் சொல் மூன்றையும் சேர்த்துவிடுங்கள்.